மைக் எட்டாத தூரம்

நீளக் கம்பு பிடித்தவன் நான்.
கம்பின் முனையில் மைக்.
முப்பத்தோரு வருஷம் அங்காசாபுரியில்
யார் வாய் திறக்கிறார்களோ
அவர் தலைக்கு மேல் என் கை.

சவரியம்மாள் தலைக்கு மேல்
மொத்தமாய் ஒரு மணி நேரம்
பிடித்திருப்பேனா, தெரியாது.

'வாங்க, உட்காருங்க.'
'ஐயா மேல இருக்காங்க.'
'டாக்டர் இப்ப வந்துடுவார்.'
செந்தூலிலிருந்து இரண்டு பஸ் மாறி வந்து
காலை ஏழுக்குப் பவுடர் அப்பிக்கொண்டு
நாலு மணி வரை பிளாஸ்டிக் நாற்காலியில் இருந்து
இதில் ஒன்றைச் சொல்லிவிட்டுப் போவார்.
நாளுக்கு நாற்பது வெள்ளி.
அப்புறம் அறுபது.
அப்புறம், தனியார் கம்பெனிகள் வந்த பிறகு,
'அடுத்த வாரம் தரோம்மா.'

பெயர் ஓடும்போது சபரியம்மாள் என்று ஓடும்.
ஒரு தீபாவளி நாடகத்தில் சர்க்கரையம்மாள்.
திருத்தச் சொல்லட்டுமா என்று கேட்டேன்.
'விடுங்க தம்பி.
நான் யாருன்னு சவேரியாருக்குத் தெரியும்.
சபரிமலைக்காரரும் தெரிஞ்சுக்கட்டுமே.'

கோப்பைகளைப் பற்றிச் சொல்ல வேண்டும்.
நாடகத்துக் கோப்பையில் தேநீர் இருக்காது.
கதாநாயகிகள் காற்றைக் குடித்துவிட்டு
காற்றாகவே கீழே வைப்பார்கள்.
சவரியம்மாள் தட்டேந்தி வந்தால்
மணிக்கட்டில் ஒரு நரம்பு எழும்பும்.
நிலைப்படியில் கால் தயங்கும்.
தளும்பிவிடப் போகிறதே என்று
மேலே என் தோள் இறுகும்.
எங்கே கற்றீர்கள் என்றேன்.
'இதுல கத்துக்க என்ன இருக்கு,
சூடா இருக்குன்னு நெனச்சுக்க வேண்டியதுதான்.'

எண்பத்தேழில் ஒரு சாவு வீட்டுக் காட்சி.
முன்னால் நாயகி அழுதாள், நன்றாகவே அழுதாள்.
பின்வரிசைப் பாயில் நான்காவது ஆளிடமிருந்து
ஒரு சத்தம் வந்தது.
அழுகை என்று சொல்ல முடியாது.
ஈர விறகு பற்றுவதற்கு முன்
உள்ளுக்குள் எழுமே, அது.
என் கம்பு திரும்பிவிட்டது.
'எங்கய்யா போவுது மைக்கு!'
இயக்குநர் கத்தினார். திருப்பினேன்.
பதினொரு விநாடி மட்டும் டேப்பில் தங்கியது.
எடிட்டர் சிவக்கொழுந்து அதன் மேல்
வீணையைப் போட்டு மூடினார்.
கணக்குப்படி அதுவும் சரிதான்.

யாரை நினைத்துக்கொண்டீர்கள் என்று
கேன்டீனில் கேட்டேன்.
மீகோரேங் தட்டிலிருந்து தலை நிமிராமல்,
'யாரையும் இல்ல. பாய் குத்திச்சு' என்றார்.
இன்றுவரை நான் அதை நம்பவில்லை.
நம்பாமல் இருக்கவும் முடியவில்லை.

நான் ஓய்வு பெற்றேன். அவர் பெறவில்லை.
யார் தருவது அவருக்கு?
கல்யாணக் கூட்டத்தில், கோர்ட்டு பெஞ்சில்,
லிஃப்டுக்குக் காத்திருப்பவர்களில்
டிவியில் திடீரென்று தெரிவார்.
ரிமோட்டைத் தேடி எடுத்துச்
சத்தத்தைக் கூட்டுவதற்குள்
வசனம் முடிந்திருக்கும்.
அடுத்து வரும் விளம்பரம் அலறும்.
மனைவி திட்டுவாள்.

போன மாதம் ஜி.எச்.சில், இதயப் பிரிவில்,
எனக்கு இரண்டு வரிசை முன்னால்
கையில் நம்பர்ச் சீட்டோடு அவர்.
கூப்பிடலாமா என்று யோசிக்கையில்
ஒரு பையன் ஓடி வந்தான்.
ஹெல்மெட்டைக் கழற்றவில்லை.
அவன் அம்மாவை அப்போதுதான்
உள்ளே தள்ளிப் போயிருந்தார்கள்.
எல்லா முகத்தையும் பார்த்தான்.
எங்கேயோ பார்த்த ஒரே முகம் அங்கே
ஒன்றுதான் இருந்திருக்க வேண்டும்.
'சிஸ்டர், டாக்டர் எங்க?'

தான் நர்ஸ் இல்லை என்று அவர் சொல்லவில்லை.
சேலையை இழுத்துவிட்டு எழுந்தார்.
'டாக்டர் இப்ப வந்துடுவார். உட்காருங்க.'
உட்கார்ந்தான்.
ஹெல்மெட் மடிக்கு வந்தது.
காகிதக் கோப்பையில் தண்ணீர் பிடித்துக்கொண்டு
அவனை நோக்கி நடந்தார்.
அதே நரம்பு. அதே தயக்கம்.
இந்த முறை கோப்பை நிறைந்திருந்தது.

'அங்கிள், கை வலியா?'
பக்கத்துப் பெண் கேட்டபோதுதான் பார்த்தேன்,
என் வலது கை தலைக்கு மேல்
வெறுமனே நீண்டு நின்றது.
ஆமாம் என்றேன்.

டாக்டர் வர ஐம்பது நிமிஷம் ஆனது.